பகுதியின் குறி தெரியாதபோது

பதினோராம் வகுப்புக் கணிதத்தில் வரும் ஒரு வகைக் கேள்வியை எடுத்துக்கொள்வோம். தெரியாத எண்ணுக்கு அ என்று பெயர். (அ + 2)/(அ − 3) ≤ 2 என்றால், அ எந்தெந்த மதிப்புகளைப் பெறலாம்? விடைத்தாள் திருத்தும் ஆசிரியர்களுக்கு நன்றாகப் பழகிப்போன ஒரு தவறான விடை உண்டு. அ + 2 ≤ 2(அ − 3). அதாவது அ + 2 ≤ 2அ − 6. ஆகவே அ ≥ 8. கீழே ஓர் எண்கோடு, 8-இன் மேல் அடைத்த வட்டம், வலப்பக்கம் அம்பு. பார்வைக்கு எல்லாம் ஒழுங்கு. ஆனால் அ-வுக்கு 0 போட்டுப் பாருங்கள்: 2-ஐ −3-ஆல் வகுத்தால் கிடைப்பது குறை எண், அது 2-ஐவிடச் சிறியதுதான். −100 போட்டாலும் பொருந்துகிறது. 3-க்கு இடப்பக்கம் இருக்கும் அத்தனை எண்களும் விடையில் சேர வேண்டியவை. ஒன்றுகூடச் சேரவில்லை.

தவறு முதல் வரியிலேயே நடந்துவிட்டது. பகுதியில் இருக்கும் (அ − 3)-ஆல் இரு பக்கமும் பெருக்கியபோது, அது மிகை எண்ணா குறை எண்ணா என்று யாரும் கேட்கவில்லை. சமன்பாடு என்றால் கேட்க வேண்டியதும் இல்லை. பூஜ்ஜியம் அல்லாத எதனால் பெருக்கினாலும் சமம் சமமாகவே நிற்கும். அசமன்பாடு அப்படியல்ல. 3 < 5. இரண்டையும் −1-ஆல் பெருக்கினால் −3 > −5. குறை எண்ணால் பெருக்கினால் குறி திரும்பிக்கொள்ளும். இதை நடுநிலை வகுப்புகளிலேயே பிள்ளைகள் படித்துவிடுகிறார்கள், தேர்விலும் சரியாக எழுதுகிறார்கள். ஆனால் அங்கே பெருக்கும் எண் கண்ணுக்கு நேரே தெரியும் −1, −4. இங்கே பெருக்குவது இன்னதென்றே தெரியாத ஒன்று. அதன் குறி அ-வைப் பொறுத்தது; அ-வைத்தான் நாம் தேடிக்கொண்டிருக்கிறோம். பள்ளிக் கணிதத்தில் இந்தச் சிக்கலை ஒரு பிள்ளை முழுசாக எதிர்கொள்ளும் இடம், இப்படித் தெரியாத எண் பகுதியில் வரும் விகிதமுறு அசமன்பாடு. இரண்டு பாடவேளையில் முடித்துவிட்டுப் பகுதிப் பின்னத்துக்குத் தாவக்கூடிய பாடமாக இதை நான் நினைக்கவில்லை.

தமிழ்நாடு–கர்நாடக எல்லையில் உள்ள ஓசூர் வட்டாரத்தில் இதற்கு இன்னொரு கோணமும் இருக்கிறது. தமிழ்நாட்டில் 2018-இல் வந்த புதிய பாடத்திட்டம், பதினோராம் வகுப்பின் ‘அடிப்படை இயற்கணிதம்’ பாடத்தில் விகிதமுறு அசமன்பாடுகளைச் சேர்த்திருக்கிறது. ஜூஜூவாடி சோதனைச் சாவடியைத் தாண்டினால் அத்திப்பள்ளி. அங்கே கர்நாடகத்தின் பியூசி வகுப்புகளில் அறிவியல் பிரிவுக்கு என்சிஇஆர்டியின் கணித நூல். அந்த நூலில் அசமன்பாடு நேரிய அசமன்பாட்டோடு நின்றுவிடுகிறது. அதில் இடம்பெற்ற ஒரு கணக்கு: 12 சதவீத அமிலக் கரைசல் 600 லிட்டர் இருக்கிறது, 30 சதவீதக் கரைசலை எவ்வளவு சேர்த்தால் மொத்தம் 15-க்கு மேலும் 18-க்குக் கீழும் வரும்? விடை, 120 லிட்டருக்கு மேல், 300 லிட்டருக்குக் கீழ். உண்மையில் இது ஒரு விகிதமுறு அசமன்பாடு. சதவீதம் என்றாலே வகுத்தல்தான். ஆனால் பகுதியில் இருப்பது கரைசலின் மொத்த அளவு. அது குறை எண்ணாக இருக்க வழியில்லை. எனவே தைரியமாகப் பெருக்கி நேரிய அசமன்பாடாக்கிவிடலாம். பாடநூல் அப்படித்தான் செய்கிறது, ஏன் செய்யலாம் என்று நின்று சொல்லாமல். எல்லையின் இரு பக்கமும் படித்த பிள்ளைகள் பின்னால் ஒரே ஜேஇஇ தேர்வை எழுதுகிறார்கள். அங்கே வர்க்கமூலத்துக்குள் ஒரு விகிதமுறு கோவையை வைத்துச் சார்பகம் கேட்டால், விகிதமுறு அசமன்பாடு தெரியும் என்று வைத்துக்கொண்டுதான் கேள்வியே தொடங்கும். இலங்கையில் உயர்தர இணைந்த கணிதத்திலும் இந்தப் பாடம் உண்டு. அங்கே இயற்கணிதத்தோடு வரைபடம் வழியாகவும் தீர்க்கப் பழக்குகிறார்கள்.

தீர்க்கும் வழிகள் பல. எல்லாவற்றின் வேலையும் ஒன்றே: பகுதியின் குறியைப் பற்றிய அறியாமையை எப்படியாவது சமாளிப்பது.

முதல் வழி, நிலைகளாகப் பிரிப்பது. அ > 3 என்றால் பகுதி மிகை. பெருக்கினால் அ ≥ 8. இரண்டும் சேர்ந்து அ ≥ 8. அ < 3 என்றால் பகுதி குறை. பெருக்கும்போது குறி திரும்பும். அ + 2 ≥ 2அ − 6, அதாவது அ ≤ 8. இங்கேதான் இரண்டாவது பள்ளம். பலர் ‘அ ≤ 8’ என்பதையே விடையாக எழுதிவிடுவார்கள். நாம் இந்த நிலைக்குள் வந்ததே அ < 3 என்ற நிபந்தனையோடுதான். ஆகவே இரண்டுக்கும் பொதுவான அ < 3 மட்டும்தான் எடுக்க வேண்டும். மொத்த விடை: அ < 3 அல்லது அ ≥ 8. நேர்மையான வழி, எதையும் மறைக்காது. பகுதியில் மூன்று நான்கு காரணிகள் வந்தால் நிலைகள் பெருகிப்போய்க் கை தளர்ந்துவிடும், அதுதான் குறை.

இரண்டாம் வழி, பகுதியின் வர்க்கத்தால் பெருக்குவது. எந்த மெய்யெண்ணின் வர்க்கமும் குறை எண் ஆகாது; பகுதி பூஜ்ஜியம் இல்லாதவரை அதன் வர்க்கம் மிகைதான். குறியைப் பற்றிய கவலையே வேண்டாம். அசமன்பாடு (அ − 8)(அ − 3) ≥ 0 என்று இருபடி அசமன்பாடாகிவிடும். அதன் விடையில் 3-உம் சேர்ந்தே வரும், அதை நாமே நீக்க வேண்டும். நான் இந்த வழியை மதிக்கிறேன். குறி தெரியாத இடத்தில் குறி தெரிந்த ஒன்றைக் கொண்டுவந்து நிறுத்துகிறது. அடுக்கு கூடிக்கொண்டே போகும் என்பதால் பெரிய கணக்குகளுக்கு ஒத்துவராது.

மூன்றாவதுதான் பெரும்பாலான பாடநூல்கள் கற்பிக்கும் வழி. எல்லாவற்றையும் ஒரு பக்கம் கொண்டுவந்து, மறுபக்கம் பூஜ்ஜியம் மட்டும் இருக்கும்படி செய்ய வேண்டும். (அ + 2)/(அ − 3) − 2 ≤ 0. சுருக்கினால் (8 − அ)/(அ − 3) ≤ 0. −1-ஆல் பெருக்கினால் (அ − 8)/(அ − 3) ≥ 0. இங்கே −1-ஆல் பெருக்கியது தெரிந்தே செய்தது, குறியும் தெரிந்தே திரும்பியது. இப்போது கேள்வி எளிதாகிவிட்டது: இந்தப் பின்னம் எங்கே மிகை, எங்கே குறை? தொகுதி பூஜ்ஜியமாகும் எண் 8, பகுதி பூஜ்ஜியமாகும் எண் 3. எண்கோட்டில் இந்த இரண்டை மட்டும் குறித்தால் கோடு மூன்று துண்டாகிறது. ஒவ்வொரு துண்டிலும் ஏதாவது ஓர் எண்ணைப் போட்டுப் பார்த்தால் அந்தத் துண்டு முழுவதன் குறியும் தெரிந்துவிடும். 0 போட்டால் மிகை. 5 போட்டால் குறை. 10 போட்டால் மிகை. நடுத்துண்டை விட்டுவிடு, ஓரத் துண்டுகளை எடு.

பூஜ்ஜியத்தோடு ஒப்பிடும்படி மாற்றுவதில் ஒரு பெரிய லாபம் இருக்கிறது. எண்ணின் பருமன் இனித் தேவையில்லை, குறி போதும். குறிகளுக்கான பெருக்கல் விதிகளை கி.பி. 628-இல் பிரம்மகுப்தர் எழுதிவைத்தார்: மிகையும் மிகையும் மிகை, குறையும் குறையும் மிகை, மிகையும் குறையும் குறை. இருபது காரணிகள் இருந்தாலும் இந்த மூன்று விதிகளே போதும்.

நான்காவது வழி எனக்கு மிகவும் பிடித்தது. ஏனோ வகுப்புகளில் அதிகம் காட்டப்படுவதில்லை. அ + 2 என்பது (அ − 3) + 5. எனவே பின்னம் 1 + 5/(அ − 3). கேள்வி 5/(அ − 3) ≤ 1 என்று சுருங்கிவிடுகிறது. பகுதி குறை என்றால் இடப்பக்கம் குறை எண். 1-ஐவிடச் சிறியது என்பதில் சந்தேகமே இல்லை. பகுதி மிகை என்றால், 5-ஐ வகுப்பது குறைந்தபட்சம் 5 ஆக இருக்க வேண்டும். அ ≥ 8. இரண்டே வரி. வரைபடமும் அப்படியே கண்முன் வரும்: 3-இல் கிழிந்து நிற்கும் இரு கிளைகள், இடக்கிளை முழுவதும் 1-க்குக் கீழே, வலக்கிளை மேலிருந்து இறங்கி 8-இல் 2-ஐத் தொட்டு அதற்குக் கீழே போகிறது. முதலில் சொன்ன தவறான விடை இழந்தது இடக்கிளை முழுவதையும் என்பது படத்தைப் பார்த்தாலே விளங்கும்.

இனி எண்கோடு. 3-இன் மேல் திறந்த வட்டம், அங்கிருந்து இடப்பக்கம் அம்பு. 8-இன் மேல் அடைத்த வட்டம், அங்கிருந்து வலப்பக்கம் அம்பு. தொகுதியைப் பூஜ்ஜியமாக்கும் எண், ≤ அல்லது ≥ இருந்தால் அடைபடும்; வெறும் < அல்லது > இருந்தால் திறந்திருக்கும். பகுதியைப் பூஜ்ஜியமாக்கும் எண் எப்போதும் திறந்ததே, குறி எதுவானாலும். பத்தாம் வகுப்பில் விகிதமுறு கோவை படிக்கும்போது ‘விலக்கப்பட்ட மதிப்பு’ என்று ஒன்றைப் படித்திருப்பார்கள்; அதே மதிப்புதான் இங்கே திறந்த வட்டமாக வந்து நிற்கிறது. இந்தத் தொடர்பை ஒரே ஒரு வாக்கியத்தில் வகுப்பில் சொல்லிவிட்டால், 3-இன் மேல் அடைத்த வட்டம் போடும் பிள்ளைகள் பாதியாகக் குறைவார்கள் என்பது என் நம்பிக்கை. இன்னொரு பழக்கத்தையும் கண்டித்தே ஆக வேண்டும்: இரண்டு துண்டு விடையைச் சேர்த்து ‘8 ≤ அ < 3’ என்று எழுதுவது. 8-க்கு மேலும் 3-க்குக் கீழும் ஒருசேர இருக்கும் எண் கிடையாது. ‘அல்லது’ என்ற சொல்லை எழுத்தால் எழுதச் சொல்ல வேண்டும்.

இவ்வளவும் எளிய கணக்கு. பாடத்தின் உண்மையான சோதனை, காரணிகள் அடுக்கோடு வரும்போதுதான். (அ − 2)²(அ + 1)/(அ − 5) என்ற கோவையை எடுத்துக்கொள்ளுங்கள். குறிக்க வேண்டிய எண்கள் −1, 2, 5. வலக்கோடியில் கோவை மிகை. 5-ஐத் தாண்டி இடப்பக்கம் வந்தால் குறை. 2-ஐத் தாண்டினால்? (அ − 2)² இரு பக்கமும் மிகைதான். குறி மாறவே இல்லை, குறையாகவே தொடர்கிறது. −1-ஐத் தாண்டினால் மீண்டும் மிகை. இப்போது நான்கு கேள்விகளையும் கேட்டுப் பாருங்கள். கோவை ≤ 0 என்றால் விடை −1 முதல் 5 வரை, −1 சேரும், 5 சேராது. கோவை < 0 என்றால் −1-உம் போகும், நடுவில் 2-உம் ஓட்டையாகிவிடும். கோவை > 0 என்றால் −1-க்குக் கீழும் 5-க்கு மேலும். கோவை ≥ 0 என்றால் அவற்றோடு −1-உம் சேரும். அதோடு தன்னந்தனியாக 2 என்ற ஒற்றைப் புள்ளியும் சேரும். எண்கோட்டில் இடமும் வலமும் வெறுமையாக இருக்க, நடுவே ஒரு கருப்புப் புள்ளி. அந்தப் புள்ளியைத் தவறவிடாத மாணவருக்கு இந்தப் பாடம் புரிந்துவிட்டது என்று தயங்காமல் சொல்லலாம். ஆசிரியர்கள் பத்துக் கணக்குப் போடுவதைவிட இந்த ஒரு கோவையை நான்கு குறிகளோடும் போட்டுக் காட்டலாம்.

போட்டித் தேர்வுப் பயிற்சி மையங்கள் இதை ‘வேவி கர்வ்’ என்ற பெயரில் சொல்லித் தருகின்றன. வலக்கோடியில் மேலே தொடங்கி, ஒவ்வொரு எண்ணிலும் கோட்டைக் கடந்து வளைந்து வளைந்து இடப்பக்கம் வருவது. ஒற்றைப்படை அடுக்கு என்றால் கடப்பது, இரட்டைப்படை என்றால் தொட்டுவிட்டுத் திரும்புவது. வேகமான முறை, சரியான முறையும்கூட. ஆனால் காரணம் சொல்லாமல் கொடுக்கப்படும் இடங்களில் அது ஆபத்து. (2 − அ) போன்ற காரணி ஒன்று ஒளிந்திருந்தால் வலக்கோடியில் கோவை குறையாக இருக்கும். மேலே தொடங்கிய கை முழுப் படத்தையும் தலைகீழாக வரைந்துவிடும். அ² + 1 போலத் தன்மைக்காட்டி குறையாக உள்ள காரணி எங்குமே குறி மாறாது. அதற்கு எண்கோட்டில் இடமே இல்லை. பொதுக் காரணி அடிபட்டுப் போகும் கணக்கு இன்னும் மோசம். (அ² − 5அ + 4)/(அ − 1) ≤ 0 என்பதில் (அ − 1) மேலும் கீழும் அடிபட்டு அ − 4 ≤ 0 மட்டும் மிஞ்சும்; விடை 4 வரை உள்ள எல்லா எண்களும் என்று தோன்றும். 1 மட்டும் அதில் இல்லை. அடித்துவிட்டாலும் முதலில் கேட்ட கேள்வியில் 1 விலக்கப்பட்ட மதிப்புதான். அடிப்பதற்கு முன்பே எண்கோட்டில் அதற்கு ஒரு திறந்த வட்டம் போட்டுவைப்பதே பாதுகாப்பு.

ஒரு துண்டில் ஒரே ஓர் எண்ணைச் சோதித்துவிட்டு, எண்ணற்ற எண்கள் உள்ள அந்தத் துண்டு முழுவதற்கும் தீர்ப்பு சொல்கிறோமே, எந்தத் துணிச்சலில்? இதற்கான விடை 1817-இல் போல்சானோ நிறுவிய இடைநிலை மதிப்புத் தேற்றத்தில் இருக்கிறது. தொடர்ச்சியான சார்பு மிகையிலிருந்து குறைக்குப் போக வேண்டுமென்றால் நடுவே பூஜ்ஜியத்தைத் தொட்டே ஆக வேண்டும். விகிதமுறு சார்பு, பகுதி பூஜ்ஜியமாகாத இடமெல்லாம் தொடர்ச்சியானது. ஆக, குறி மாற இரண்டே இடங்கள்: தொகுதி பூஜ்ஜியமாகும் இடம், பகுதி பூஜ்ஜியமாகும் இடம். அவற்றுக்கு நடுவில் குறி மாற முடியாது. பதினோராம் வகுப்பில் இந்தத் தேற்றத்தின் நிரூபணம் தேவையில்லை. ஆனால் இந்தக் காரணத்தை வாய்மொழியாகவாவது சொல்லாமல் சோதனை எண் முறையைக் கொடுப்பது, பிள்ளைகளிடம் ஒரு சடங்கைக் கொடுப்பதாகிவிடும்.

நாம் இன்று போடும் குறிகளுக்கும் கோட்டுக்கும் வயது அதிகமில்லை. <, > இரண்டும் தாமஸ் ஹாரியட்டின் இயற்கணித நூலில் 1631-இல் அச்சேறின; அவர் இறந்து அப்போது பத்தாண்டு ஆகியிருந்தது. சமத்தையும் சேர்த்துச் சொல்லும் குறியை 1734-இல் பியர் பூகே பயன்படுத்தினார். குறை எண்களைக் கோட்டில் வைத்து விளக்கியவர்களில் ஜான் வாலிஸ் முக்கியமானவர். 1685-இல் வந்த தன் நூலில், ஒருவர் 5 கஜம் முன்னே நடந்து 8 கஜம் பின்னே வந்தால் எங்கே நிற்பார் என்று கேட்டு, தொடக்கப் புள்ளிக்குப் பின்னால் 3 கஜத்தில் நிறுத்திக் காட்டுகிறார். 1829-இல் ஸ்டர்ம், ஒரு பல்லுறுப்புக் கோவைக்கு ஓர் இடைவெளியில் எத்தனை மெய் மூலங்கள் என்று எண்ணித் தரும் முறையைக் கொடுத்தார். அதனால் காரணிப்படுத்த முடியாத உயர்படிக் கோவைகளுக்கும் குறி மாறும் இடங்களைத் தேடிப் பிடிக்க முடிந்தது. 1948-இல் வெளிவந்த ஆல்ஃபிரட் டார்ஸ்கியின் ஆய்வு இன்னும் தூரம் போனது: மெய்யெண்களைப் பற்றி இப்படிப்பட்ட அசமன்பாடுகளால் கேட்கக்கூடிய எந்தக் கேள்விக்கும் விடை காண ஒரு திட்டவட்டமான நடைமுறை உண்டு என்று காட்டியது. ஒரு மாறி மட்டும் இருந்தால் விடையின் வடிவமும் முன்கூட்டியே தெரிந்ததுதான். எவ்வளவு சிக்கலான விகிதமுறு அசமன்பாடானாலும், எண்கோட்டில் வருவது எண்ணிவிடக்கூடிய சில இடைவெளிகளும் சில தனிப் புள்ளிகளும் மட்டுமே. அல்லது வெற்றுக் கோடு, அல்லது முழுக் கோடு.

இனி இந்த மண்ணுக்கு வருவோம். 1970-களில் ஓசூரில் சிப்காட் தொழிற்பேட்டை தொடங்கியதிலிருந்து அசோக் லேலண்ட், டிவிஎஸ் மோட்டார், டைட்டன் என்று பெரிய ஆலைகள் வந்தன. இப்போது போச்சம்பள்ளியில் ஓலாவின் மின்வாகன ஆலை. இவற்றைச் சுற்றி ஜாப் ஒர்க் செய்யும் சிறிய லேத் பட்டறைகள். பதினோராம் வகுப்புப் பிள்ளைகளில் பலருடைய அப்பாவோ அண்ணனோ அக்காவோ வேலை பார்ப்பது இங்கேதான். இந்த இடங்களில் விகிதமுறு அசமன்பாடு தினமும் தீர்க்கப்படுகிறது. யாரும் அந்தப் பெயரில் அழைப்பதில்லை, அவ்வளவுதான்.

சிஎன்சி லேத்தில் பாகத்தின் முகப்பைத் தட்டையாகச் சீவும் ஃபேசிங் ஓட்டுவதைப் பாருங்கள். டூல் வெளிவிளிம்பிலிருந்து நடுவை நோக்கி வருகிறது. வெட்டும் வேகம் ஒரே அளவில் இருக்க வேண்டும் என்று ஜி96 எஸ்150 கொடுத்தால், நிமிடத்துக்கு 150 மீட்டர் என்று பொருள். அதற்கேற்ப ஸ்பிண்டில் சுழற்சி, 1000 × 150-ஐ 3.1416 × விட்டத்தால் (மி.மீ.) வகுத்த எண். விட்டம் பகுதியில் இருக்கிறது. டூல் நடுவை நெருங்க நெருங்க விட்டம் பூஜ்ஜியத்தை நெருங்கும், கேட்கப்படும் சுழற்சி எல்லையில்லாமல் ஏறும். எந்த மோட்டாராலும் அதைக் கொடுக்க முடியாது. சக்கில் பிடித்திருக்கும் பாகம் பிடி தளர்ந்து பறந்துவிடும் அபாயமும் உண்டு. அதனால் முன்கூட்டியே ஜி50 எஸ்2000 என்று ஒரு வரி எழுதுகிறார்கள்: சுழற்சி 2000-ஐத் தாண்டக் கூடாது. இதை அசமன்பாடாக எழுதித் தீர்த்தால், விட்டம் ≥ 23.87 மி.மீ. இருக்கும்வரை வெட்டும் வேகம் காப்பாற்றப்படும். அதற்குக் கீழே போனால் சுழற்சி 2000-இல் நின்றுவிடும், வேகம் விழத் தொடங்கும். பாகத்தின் நடுப்பகுதியில் மட்டும் மேற்பரப்பு சற்றுச் சொரசொரப்பாக இருப்பதற்கு இது ஒரு காரணம். வகுப்பறையில் திறந்த வட்டமாகப் போட்ட அந்த விலக்கப்பட்ட மதிப்பு, இங்கே ஸ்பிண்டிலின் மையம்.

கூலன்ட் தொட்டியும் ஒரு நல்ல உதாரணம். பால் நிறத்தில் ஓடும் அந்த எண்ணெய்க் கலவை, பல வேலைகளுக்கு 5 முதல் 8 சதவீதம் இருக்க வேண்டும். 100 லிட்டர் தொட்டியில் ரிஃப்ராக்டோமீட்டர் வைத்துக் கணக்கிட்டால் 3 சதவீதம்தான் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். எத்தனை லிட்டர் எண்ணெய் ஊற்றுவது? அது அ லிட்டர் என்றால், (3 + அ)/(100 + அ) என்பது 5/100-க்கும் 8/100-க்கும் இடையே இருக்க வேண்டும். முதல் நிபந்தனை (19அ − 40)/(100 + அ) ≥ 0 என்று வருகிறது. எண்கோட்டில் அதன் விடை −100-க்குக் கீழே ஒரு துண்டும், 40/19-க்கு மேலே ஒரு துண்டும். இரண்டாவது (23அ − 125)/(100 + அ) ≤ 0. விடை −100-க்கும் 125/23-க்கும் இடையே. ஒன்றின் கீழ் ஒன்றாக இரண்டு எண்கோடுகளை வரைந்து பொதுவான இடத்தை எடுத்தால், சுமார் 2.11 லிட்டர் முதல் 5.43 லிட்டர் வரை. தொட்டியில் −100 லிட்டர் ஊற்றுவது என்பதற்கு அர்த்தமே இல்லை. ஆனால் அதை நாம் தனியாக விலக்கக்கூட வேண்டியிருக்கவில்லை. இரண்டாவது எண்கோடே விலக்கிவிட்டது. பட்டறையில் இருப்பவர் இவ்வளவு தூரம் போக மாட்டார். மொத்த அளவு மிகை எண் என்று அவருக்குத் தெரியும், நேரே பெருக்கிவிடுவார். அவர் செய்வது சரி. வகுப்பறையில் மாணவர் அதையே செய்தால் தவறு. ஏன் என்பதைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினால் பாடத்தின் சாரம் அங்கேயே கிடைத்துவிடும்.

எல்லாவற்றிலும் எனக்கு அழகாகப்படுவது சிபிகே கணக்கு; உற்பத்தியாகும் பாகங்கள் அனுமதித்த அளவெல்லைக்குள் எவ்வளவு பாதுகாப்பாக நிற்கின்றன என்று காட்டும் எண் அது. வாகன நிறுவனங்களுக்கு உதிரிபாகம் தருபவர்களுக்கு இந்தச் சொல் நன்றாகத் தெரியும், சிபிகே 1.33-க்குக் குறையக் கூடாது என்பார்கள், சில முக்கிய அளவுகளுக்கு 1.67 கேட்பார்கள். ஒரு ஷாஃப்ட்டின் விட்டம் 25 மி.மீ., கூட்டல் கழித்தல் 0.02 அனுமதி என்றால், மேல் எல்லை 25.02, கீழ் எல்லை 24.98. உற்பத்தியாகும் ஷாஃப்ட்டுகளின் சராசரி விட்டத்திலிருந்து மேல் எல்லைக்கு உள்ள தூரத்தையும் கீழ் எல்லைக்கு உள்ள தூரத்தையும் தனித்தனியே மூன்று மடங்கு திட்ட விலக்கத்தால் வகுக்க வேண்டும். இரண்டில் சிறியதே சிபிகே. 1.33-ஐ 4/3 என்று எடுத்துக்கொண்டால், இரு தூரங்களும் திட்ட விலக்கத்தின் நான்கு மடங்குக்குக் குறையக் கூடாது. திட்ட விலக்கம் 0.004 என்றால் சராசரி 24.996-க்கும் 25.004-க்கும் இடையே எங்கே இருந்தாலும் சரி. எண்கோட்டில் இரு முனையும் அடைத்த ஒரு சிறு துண்டு. மெஷின் கொஞ்சம் தேய்ந்து திட்ட விலக்கம் 0.005 ஆனால், சராசரி 25-க்கு மேலும் போகக் கூடாது, கீழும் போகக் கூடாது. துண்டு சுருங்கி ஒற்றைப் புள்ளியாகிவிடுகிறது. 0.006 ஆனால் அந்தப் புள்ளியும் போய்விடும். எங்கே செட் செய்தாலும் பாகம் தேறாது, ஆஃப்செட்டைத் திருத்தித் திருத்திப் பயனில்லை, மெஷினைத்தான் பார்க்க வேண்டும். தரப்பிரிவில் வேலை பார்க்கும் ஒருவருக்கு ‘தீர்வு கணம் வெற்றுக் கணம்’ என்பதன் பொருள் இதைவிடத் தெளிவாக எங்கே கிடைக்கும்?

நெடுஞ்சாலையிலும் ஒன்று. ஓசூரிலிருந்து கிருஷ்ணகிரிக்கு ஏறத்தாழ 50 கி.மீ. ஒரு லாரி போகும்போது நெரிசலில் மணிக்கு 40 கி.மீ. சராசரியில் போனது. திரும்பும்போது எவ்வளவு வேகமாக வந்தால் மொத்தப் பயணத்தின் சராசரி குறைந்தது 60 ஆகும்? திரும்பும் வேகம் அ என்றால் மொத்தச் சராசரி 80அ/(40 + அ). எனவே 80அ/(40 + அ) ≥ 60. தீர்த்தால் அ ≥ 120. பலர் 80 என்று சொல்வார்கள். சராசரி 80 வேண்டுமென்றால்? 80அ/(40 + அ) ≥ 80 என்பது −3200/(அ + 40) ≥ 0 என்று சுருங்கும். எண்கோட்டில் இதற்கு விடை இருக்கிறது: −40-க்கு இடப்பக்கம் முழுவதும். சாலையில் இல்லை. போகும்போதே 1¼ மணி நேரம் செலவாகிவிட்டது, 100 கி.மீ.யை 80 சராசரியில் முடிக்க அனுமதிக்கப்பட்ட மொத்த நேரமும் அதே 1¼ மணிதான். திரும்பி வர நேரமே மிச்சமில்லை. இந்தக் கணக்கில் இயற்கணிதம் தந்த விடையும் சரி, வாழ்க்கை தந்த விடையும் சரி. வேகம் > 0 என்ற நிபந்தனையை எண்கோட்டில் இன்னொரு வரியாக வரைந்து இரண்டையும் இணைப்பது நம் பொறுப்பு.

பாடம் நடத்தும் முறையில் மாற வேண்டியது இதுதான் என்று நினைக்கிறேன். எண்கோட்டை விடையின் கீழே கடைசியில் வரையும் படமாகப் பழக்காமல், முதலிலேயே வரைய வைக்க வேண்டும். முதல் வேலை, விலக்கப்பட்ட மதிப்புகளுக்குத் திறந்த வட்டம். பிறகு தொகுதியின் பூஜ்ஜியங்கள். பிறகு குறிகள், காரணிக்கு ஒரு வரிசை. விடை அதிலிருந்து தானாக விழும். பன்னிரண்டாம் வகுப்பில் ஒரு சார்பு எங்கே ஏறுகிறது, எங்கே இறங்குகிறது என்று வகைக்கெழுவின் குறியை வைத்துப் பார்க்கும்போது இதே கோடு, இதே வரிசைகள் திரும்ப வரும். இங்கே கை பழகியிருந்தால் அங்கே பாதி வேலை முடிந்துவிடும். ஐடிஐகளில் ‘பணிமனைக் கணக்கு’ நடத்துபவர்கள் வெட்டும் வேகச் சூத்திரத்தைச் சமன்பாடாக மட்டும் கொடுக்காமல், ஸ்பிண்டிலின் உச்ச வரம்போடு அசமன்பாடாகவும் கொடுக்கலாம். விட்டத்துக்கு 60, 40, 24, 20, 10 என்று மதிப்புகளைப் போட்டுச் சுழற்சியைக் கணக்கிட்டு, 2000-ஐத் தாண்டும் இடத்தை எண்கோட்டில் குறிக்கச் சொன்னால் அரை மணி நேரம் ஆகும். பத்தாம் வகுப்போடு பள்ளியை விட்டு டர்னர் பிரிவில் சேர்ந்த பையனும் அதைப் போட்டுவிடுவான்.